ஆட்டக்காரர் பயிற்சியாளராகும்போது

மகளிர் கால்பந்தில் ஆடி ஓய்ந்தபின்னும் தொழில் உண்டு என்பதற்கு மேமோல் ராக்கி நல்ல சான்று. கோவாவைச் சேர்ந்த இவர் இந்தியாவுக்காக ஆடியவர். 2017-ல் தேசிய மகளிர் அணியின் தலைமைப் பயிற்சியாளரானார். 2019-ல் பிராட்நகரில் நடந்த தெற்காசிய இறுதிப் போட்டியில் இவரது அணி நேபாளத்தை அதன் சொந்த மண்ணிலேயே 3-1 என வென்றது. அதே ஆண்டு மதுரை சேது அணி இந்திய மகளிர் லீக் கோப்பையை வென்றபோதும் பயிற்சியாளர் ஒரு பெண்தான், அமிர்தா அரவிந்த்.

நன்றாக ஆடுகிறவர் எல்லாம் நன்றாகச் சொல்லிக்கொடுப்பாரா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். பந்து காலுக்கு வருமுன் தோளுக்குப் பின்னால் ஒரு பார்வை பார்ப்பது தேர்ந்தவருக்குத் தானாக வரும். அதையே பன்னிரண்டு வயதுப் பெண்ணுக்குப் படிப்படியாகப் பிரித்துக் காட்டத் தனிப் பயிற்சி வேண்டும். அதற்காகத்தான் பயிற்சியாளர் உரிமப் படிப்புகள் இருக்கின்றன. ஆசிரியர்களை உருவாக்கவென்றே ஹாரி பக் 1920-ல் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியும் சென்னையில் தி.நகருக்குப் பக்கத்தில், நந்தனத்திலேயே இருக்கிறது. மயிலாப்பூரிலும் அடையாற்றிலும் பள்ளி அணியில் ஆடும் பெண்களுக்கு இந்த வழியைப் பத்தாம் வகுப்பிலேயே சொல்லிவிடலாம்.