கான்பூர்ப் பணமும் என்ஜினீயர் கெளரவமும்

யுத்தத்தில் வென்ற தளகர்த்தருக்குச் சிலை எடுப்பதும், கவிகளுக்குப் பொற்கிழி அளிப்பதும் உலகத்தில் நெடுநாளைய வழக்கம். ஆனால் ஆற்றின் மீது பாலம் கட்டியவன் பெயரை, அதில் நாள்தோறும் நடந்து செல்பவர்களும் கேட்பதில்லை. இக்குறையை ஓரளவு நீக்கும்பொருட்டுப் பிரிட்டனில் 1969-ம் வருஷத்தில் ஏற்பட்டதுதான் மாக்ராபர்ட் பரிசு. ராயல் என்ஜினீயரிங் அகாடமி வழங்கும் இப்பரிசில் தங்கப் பதக்கத்துடன் 50,000 பவுனும் அடங்கும்.

இதன் பூர்வ சரித்திரம் நம் தேசத்தைச் சேர்ந்தது என்றால் நேயர்கள் வியப்படையலாம். அலெக்ஸாண்டர் மாக்ராபர்ட் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1884-ல் கான்பூருக்கு வந்து கம்பளி ஆலையொன்றை நிர்வகித்தார். 1920-ல் பல ஆலைகளை ஒன்றுசேர்த்துப் பிரிட்டிஷ் இந்தியா கார்ப்பரேஷனை நிறுவினார். 1922-ல் அவர் காலமானார். அவருடைய குமாரர் மூவரும் விமானத்திலேயே உயிர் துறந்தனர். ஒருவர் 1938-ல் விபத்தில், இருவர் 1941-ல் யுத்தத்தில். புத்திர சோகத்தில் மூழ்கிய தாயார் ஒரு போர் விமானத்துக்கு 25,000 பவுன் அளித்தார். பின்னர் அவர் ஏற்படுத்திய தர்மநிதியிலிருந்தே இப்பரிசு தோன்றிற்று.

முதல் வருஷத்தில் செவர்ன் நதிப் பாலமும், நின்ற இடத்திலிருந்தே மேலே கிளம்பும் விமானத்துக்கான பெகாஸஸ் யந்திரமும் பரிசைப் பகிர்ந்துகொண்டன. 1972-ல் அது, கிராமபோன் தட்டுகளுக்குப் பேர்போன ஈ.எம்.ஐ. கம்பெனிக்குச் சென்றது. அங்கே வேலை பார்த்த ஹவுன்ஸ்பீல்டு சர்வகலாசாலைப் பட்டம் பெறாதவர். பல கோணங்களிலிருந்து எக்ஸ்-ரே கதிர்களைச் செலுத்தி, கம்ப்யூட்டரைக் கொண்டு கணக்கிட்டு, மண்டையைத் திறவாமலே மூளையைப் படம் பிடிக்கும் ஸி.டி. ஸ்கானரை அவர் அமைத்தார். 1971-ல் லண்டனில் முதல் நோயாளிக்கு அது பயன்பட்டது. நோபல் பரிசு அவரைத் தேடி வந்தது 1979-ல்தான்.

இப்பரிசுக்கு மூன்று அளவுகோல்கள் உண்டு: புதுமை, வியாபார வெற்றி, சமூக நன்மை. வியாபாரத்தைக் கெளரவத்துக்கு அளவாக்கலாமா என்று சிலர் ஆட்சேபிப்பர். வாங்குவோர் இல்லாத யந்திரம் கண்காட்சிப் பொருளேயாகும். லாபம் மாத்திரம் போதாது என்பதற்குத்தானே மூன்றாவது நிபந்தனை இருக்கிறது? மேலும், பரிசு தனி ஒருவருக்கன்றி, சேர்ந்துழைத்த ஐவர் வரை கொண்ட குழுவுக்கும் உரியது. பெரிய வேலை எதுவும் ஒரு கையால் முடிவதில்லையே!

நாமும் கெளரவிக்கத் தெரியாதவர்களல்லர். 1955-ல் விசுவேசுவரய்யருக்குப் பாரத ரத்னம் அளித்தோம். அப்பொழுது அவருக்குத் தொண்ணூறு வயது கடந்திருந்தது! மாலையைச் சற்று முன்னதாகப் போட்டால், அது வேலை செய்யும் கைகளுக்கும் உற்சாகமளிக்கும்.

கான்பூர்த் தொழிலாளியின் வியர்வையில் விளைந்த செல்வம் கடல் கடந்து சென்றது நியாயமா என்ற பழைய வழக்கை இங்கே விசாரிக்கப் புகவில்லை. அச்செல்வத்தில் ஒரு பகுதி அந்நிய நாட்டில் அறிவுக்கு விளக்கேற்றுகிறது. அப்படியிருக்க, நம் ஆலை முதலாளிகளின் செல்வம் இங்கே அவ்விதம் ஒரு விளக்கையேனும் ஏற்றலாகாதா? பதில் சொல்ல வேண்டியவர்கள் அவர்களே.