ஐந்து நாடுகளின் போரா

அடுத்தடுத்து ஐந்து கால்பந்து உலகக் கோப்பைகள், ஒவ்வொன்றிலும் வேறொரு நாட்டு அணி, பயிற்சியாளர் மட்டும் ஒரே ஆள். 1986-இல் மெக்ஸிகோ, 1990-இல் கோஸ்டா ரிக்கா, 1994-இல் அமெரிக்கா, 1998-இல் நைஜீரியா, 2002-இல் சீனா. செர்பியாவில் பிறந்த போரா மிலுட்டினோவிச்தான் அந்த ஆள்.

கிளப் பயிற்சியாளர் பணமிருந்தால் ஆட்டக்காரரை வாங்கலாம். தினமும் பயிற்சி கொடுக்கலாம். நாட்டு அணிக்கு வருபவருக்கு இரண்டும் கிடையாது. இருக்கிறவர்களை வைத்துத்தான் சமாளிக்க வேண்டும். அவர்களும் கிளப் ஆட்டங்கள் போக வருடத்தில் சில வாரங்கள்தான் கையில் கிடைப்பார்கள். அதற்கு எதற்கு வெளிநாட்டுக்காரர்? அவருக்கு உள்ளூர் கிளப் பாசம் இல்லை, பழைய நட்சத்திரங்களிடம் நன்றிக்கடனும் இல்லை. யார் முகத்தையும் பார்க்காமல் அணியைத் தேர்ந்தெடுக்கலாம்.

கோஸ்டா ரிக்காவில் போரா செய்தது இதைத்தான். அந்த நாட்டுக்கு அது முதல் உலகக் கோப்பை. இவர் பொறுப்பேற்றபோது போட்டிக்குச் சில மாதங்களே இருந்தன. வந்ததும், தகுதிச் சுற்றில் ஆடிக் கொடுத்த மூத்தவர்கள் சிலரையே வெளியே வைத்தார். உள்ளூர்ப் பயிற்சியாளர் அதைச் செய்திருந்தால் வீட்டுக்குப் போயிருக்க முடியாது! அடுத்தது தற்காப்பு: முதலில் கோல் வாங்காதே, பிறகு கிடைத்த வாய்ப்பில் அடி. ஸ்காட்லாந்தை 1-0 என்றும் ஸ்வீடனை 2-1 என்றும் வென்றார்கள். பிரேசிலிடம் தோற்றதும் ஒரே கோலில்தான். டுரின் நகரில் நடந்த அந்த ஆட்டத்துக்குக் கறுப்பு வெள்ளைப் பட்டை போட்ட சட்டையில் இறங்கினார்கள். அந்த ஊர் யுவென்டஸ் கிளப்பின் சட்டையும் அப்படித்தான். உள்ளூர்க் கூட்டத்தைத் தன் பக்கம் இழுக்க போரா செய்த வேலை என்பார்கள்.

அமெரிக்காவில் சிக்கல் வேறு. அப்போது அங்கே முழு அளவிலான தொழில்முறை லீக்கே இல்லை. அதனால் ஆட்டக்காரர்கள் பலரைச் சம்பளத்துக்கு அமர்த்தி, கலிஃபோர்னியாவில் முகாம் போட்டு, கிளப் அணி மாதிரியே பழக்கினார்கள். கொலம்பியாவை 2-1 என்று வென்று அடுத்த சுற்றுக்குப் போன அணி, அங்கே பிரேசிலிடம் ஒற்றைக் கோலில் தோற்றது. நைஜீரியாவும் கடைசி நேரத்தில்தான் போராவை அழைத்தது. ஸ்பெயினை 3-2 என்று வீழ்த்தியது.

ஐந்து நாடுகளை உலகக் கோப்பைக்குக் கூட்டிப்போனவர் இவர் ஒருவரல்ல. பிரேசிலின் பரேராவும் உண்டு. ஆனால் பரேரா முதல் சுற்றைத் தாண்டியது பிரேசிலோடு மட்டும்தான். போரா நான்கு நாடுகளோடு தாண்டினார். மெக்ஸிகோவைக் காலிறுதி வரை கொண்டுபோனார்; அங்கே மேற்கு ஜெர்மனியிடம் தோற்றதும் பெனால்டியில்தான். என் கணக்கில் போராதான் பெரியவர்.

தற்காப்பு ஒன்றே போதாது என்பது சீனாவோடு தெரிந்தது. ஜப்பானும் தென்கொரியாவும் போட்டியை நடத்தியதால் தகுதிச் சுற்றில் ஆடவில்லை. சீனாவுக்கு வழி சற்று எளிதானது. உலகக் கோப்பையிலோ மூன்று ஆட்டம், மூன்று தோல்வி. வாங்கிய கோல் ஒன்பது, போட்டது ஒன்றுமில்லை. முதல் தோல்வியே கோஸ்டா ரிக்காவிடம். அந்த அணியின் பயிற்சியாளர் கிமராயெஸ், 1990-இல் போராவின் கீழ் ஆடியவர்.

சீனா அதற்குப் பிறகு உலகக் கோப்பைக்குத் தகுதி பெறவே இல்லை.