சுவரில் உட்காரும் அந்துப்பூச்சிக்கு ஒரு பதிவேடு

இந்தியாவில் வண்ணத்துப்பூச்சிகள் சுமார் 1,300 வகை. அந்துப்பூச்சிகளோ 10,000-க்கும் மேல். பகலில் பறப்பவற்றைத் தேடித் தோட்டமும் காடும் சுற்ற வேண்டும். அந்துப்பூச்சிகளில் பலவற்றைப் பார்க்க மாடிச் சுவரே போதும்.

தேவையானவை இரண்டுதான்: ஒரு வெள்ளை வேட்டி, ஒரு பளிச்சென்ற விளக்கு. புற ஊதாக் கதிர் கலந்த விளக்கென்றால் இன்னும் நல்லது. இருட்டியதும் வேட்டியைக் கொடியில் விரித்து, அதன் முன்னால் விளக்கைத் தொங்கவிட வேண்டும். நிலவில்லாத, காற்றில்லாத, புழுக்கமான இரவில் கூட்டம் அதிகம். பௌர்ணமியில் வரவு குறையும்.

விளக்கின் மேல் ஆசைப்பட்டு இவை வருவதில்லை. பறக்கும் பூச்சிக்கு வெளிச்சமான பக்கம்தான் வானம். முதுகை அந்தப் பக்கம் திருப்பியே பறக்கும். விளக்கருகே வந்ததும் அந்தக் கணக்குத் தப்பி, அதையே சுற்றிச் சுற்றி வந்து மாட்டிக்கொள்கிறது. அதிவேக கேமராக்களால் படம்பிடித்து இதைக் காட்டிய ஆய்வு 2024-இல் வெளியானது. ஆகவே படம் எடுத்து முடித்ததும் விளக்கை அணைத்துவிடுவது நல்லது. விடியும்வரை எரியவிட்டால், வேட்டியில் இருப்பவை பல்லிக்கும் கரிச்சானுக்கும் இரையாகும்.

அடையாளம் காண்பதற்கு நிறத்தைவிட உட்காரும் விதம் உதவும். ஸ்பிங்கிடே குடும்பத்துப் பூச்சிகள் ஜெட் விமானம்போல இறக்கையைப் பின்னோக்கிச் சாய்த்து உட்காரும். ஜியோமெட்ரிடே வகையில் பல, நான்கு இறக்கைகளையும் சுவரோடு ஒட்டி விரித்திருக்கும். அடுத்து உணர்கொம்பு: வண்ணத்துப்பூச்சிக்கு நுனியில் குமிழ் இருக்கும், அந்துப்பூச்சிக்குப் பெரும்பாலும் நூலாகவோ இறகாகவோ இருக்கும். பல வகைகளில் ஆணின் கொம்புதான் அடர்ந்த இறகாக இருக்கும். பெண்ணின் மணத்தைத் தொலைவிலிருந்தே பிடிப்பது அதன் வேலை.

அவசரப்படாமல் காத்திருந்தால் பின்இறக்கையும் தெரியும். ஆமணக்குக் காவடிப்புழுவின் தாய்ப்பூச்சி சும்மா இருக்கையில் வெறும் சாம்பல் பழுப்பு. லேசாக இறக்கையைத் தூக்கட்டும், உள்ளே கறுப்புப் பின்இறக்கையும் குறுக்கே ஒரு வெள்ளைப் பட்டையும் தெரியும். முன்இறக்கையை மட்டும் படம் பிடித்தவருக்கு இந்தத் துப்புக் கிடைக்காது.

இன்னொரு வழி செடி. எள் வயலில் வாலில் கொம்போடு மேயும் பருத்த புழு, முதுகில் மண்டையோட்டுக் குறியுள்ள அகெரோன்டியா பூச்சியாகும். அது தேன்கூட்டுக்குள் புகுந்து தேன் திருடும். கையில் பிடித்தால் உறிஞ்சுகுழல் வழியே காற்றை இழுத்துக் கீச்சிடும். கிலுகிலுப்பைக் காய்க்குள் விதை தின்னும் புழு, செடியின் நஞ்சை உடம்பில் சேர்த்துவைத்து, சிவப்பும் கறுப்புமாகப் புள்ளியிட்ட வெள்ளை யுடெதீசாவாக வெளிவரும். புழுவைக் கண்ட செடியின் பெயரையும் எழுதிவைத்தால் பாதி வேலை முடிந்தது.

இவ்வளவு பார்த்தும் பல சிறு பழுப்புப் பூச்சிகள் பிடிகொடுப்பதில்லை. இனப்பெருக்க உறுப்பை நுண்ணோக்கியில் பார்த்தால்தான் இனம் பிரிக்க முடியும். அவற்றுக்குப் பேரினத்தோடு, அதுவும் முடியாவிட்டால் குடும்பத்தோடு நிறுத்திக்கொள்வதே முறை. ஊகித்து எழுதிய பெயரைவிடச் சரியான குடும்பப் பெயர் மேல்.

ஏனென்றால் பதிவேட்டின் மதிப்பு பெயரில் மட்டும் இல்லை, தேதியிலும் இருக்கிறது. நிலக்கடலை விளையும் மானாவாரிப் பகுதிகளில் சிவப்புக் கம்பளிப்புழுவின் கூட்டுப்புழுக்கள் மண்ணுக்குள் மாதக்கணக்கில் காத்துக்கிடக்கும். நல்ல மழை பெய்து மண் நனைந்ததும் பூச்சிகள் மொத்தமாக வெளியேறும். வெள்ளை முன்இறக்கையில் பழுப்புக் கோடுகளும் ஓரத்தில் மஞ்சள் வரியும் இருக்கும். அந்த இரவுகளில்தான் விவசாயிகள் விளக்குப்பொறி வைப்பார்கள். எந்த மழைக்குப் பிறகு எப்போது வந்தன என்று ஆண்டுதோறும் குறித்துவருபவர், அடுத்த ஆண்டு பொறியைத் தயாராக வைத்திருக்கலாம்.

தேயிலைத் தோட்ட வேலைக்காக நீலகிரிக்கு வந்து அந்துப்பூச்சியில் ஈடுபட்டவர் ஜார்ஜ் ஹாம்ப்சன். இந்திய அந்துப்பூச்சிகள் பற்றி 1892 முதல் 1896 வரை அவர் எழுதிய நான்கு தொகுதிகளை ஆய்வாளர்கள் இன்றும் புரட்டுகிறார்கள். எவை இருந்தன என்பதற்கு அவை சாட்சி. குறைகின்றனவா, கூடுகின்றனவா என்பதற்குத் தொடர்ந்த எண்ணிக்கை வேண்டும். பிரிட்டனில் பல பத்தாண்டுகளாக விளக்குப்பொறி வைத்து எண்ணிவந்ததால்தான், 1968-க்கும் 2017-க்கும் இடையில் அங்கே பெரிய அந்துப்பூச்சிகள் மூன்றில் ஒரு பங்கு குறைந்தது தெரியவந்தது.

ஆகவே நோட்டில் தேதி, இடம், நேரம், விளக்கின் வகை, மழையா காற்றா, எத்தனை பூச்சி என்ற கட்டங்கள் முதலில் இருக்கட்டும். பெயருக்கான கட்டம் கடைசியில் வரலாம். தினமும் வரும் சாதாரணப் பூச்சியையும் எண்ணுங்கள். ஒன்றுமே வராத இரவில் பூஜ்யம் என்று எழுதுங்கள். அந்த வரியை விட்டுவிட்டால், அன்று பூச்சி வரவில்லையா, நீங்கள் பார்க்கவில்லையா என்று பின்னால் யாராலும் சொல்ல முடியாது.