வேலைநிறுத்த உரிமையும் ஆலையின் ஓட்டமும்

மயிலாடியின் கல் பட்டறைகளில் முதலாளியும் வேலையாளும் பெரும்பாலும் ஒரே கொட்டகையின் கீழ்தான் இருக்கிறார்கள். கூலியில் குறை இருந்தால் கணக்கு முடிக்கும்போதே முகத்துக்கு நேராகச் சொல்லிவிடலாம். உளி இரண்டு நாள் ஓய்ந்தாலும் கல் கெட்டுப்போவதில்லை. ஐடிஐ, டிப்ளமோ முடித்து ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பக்கம் வேலைக்குப் போகும் நம் பிள்ளைகளின் நிலைமை வேறு. அங்கே முதலாளி என்று ஒருவரைக் கண்ணால் காண முடியாது. குறையை யாரிடம் சொல்வது என்பதே முதல் கேள்வி.

சுங்குவார்சத்திரம் சாம்சங் ஆலையில் 2024-ல் நடந்த வேலைநிறுத்தமும் இந்தக் கேள்வியைச் சுற்றித்தான் நடந்தது. ஃப்ரிட்ஜ், டிவி, வாஷிங் மெஷின் தயாராகும் அந்த ஆலையில் செப்டம்பர் 9 அன்று ஆயிரத்துக்கும் அதிகமானோர் வேலையை நிறுத்தினார்கள். ஊதிய உயர்வும் கேட்டார்கள். ஆனால் சிஐடியு துணையோடு தொடங்கிய தங்கள் சங்கத்தை நிர்வாகம் ஏற்றுப் பேச வேண்டும் என்பதே முதன்மைக் கோரிக்கை. தொழிலாளர்களிடம் பேசுவோம், வெளியார் தொடர்புள்ள சங்கத்திடம் பேச மாட்டோம் என்று நிர்வாகம் நின்றது. மற்ற ஊழியர்களை வைத்து உற்பத்தியை ஓட்டிப் பார்த்தது. கைதுகள் நடந்தன, போராட்டப் பந்தலைப் போலீஸ் பிரித்தது, மூன்று அமைச்சர்கள் பேசினார்கள். 37 நாட்கள் கழித்து, அக்டோபர் 15 அன்று போராட்டம் முடிவுக்கு வந்தது. பழிவாங்கல் இருக்காது, கோரிக்கைகளுக்கு எழுத்தில் பதில் தரப்படும் என்பதே உடன்பாடு. சங்கம் 2025 ஜனவரியில் பதிவானது. மே மாதம் ஊதிய ஒப்பந்தமும் கையெழுத்தானது.

எழுத்தில் ஒரு பதில்! அதை முதல் வாரத்திலேயே தந்திருந்தால் ஆலை இத்தனை நாள் தடுமாறியிருக்காது என்பது நம் கருத்து. பேச்சுக் கதவை மூடிவிட்டு உற்பத்தி மட்டும் தடையில்லாமல் நடக்க வேண்டும் என்பது நடக்காத காரியம்.

தொழிலாளர் பக்கமும் கவனம் தேவை. சங்கம் அமைப்பது அரசியல் சாசனம் தந்த அடிப்படை உரிமை. வேலைநிறுத்தம் அப்படியல்ல, அது சட்டத்தின் வரம்புக்குள் அடங்கிய உரிமை என்று நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. 1947-ம் ஆண்டுச் சட்டத்தில் பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டுமே முன்னறிவிப்பு கட்டாயமாக இருந்தது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பின்படி எல்லாத் தொழிற்சாலைகளிலும் 14 நாள் நோட்டீஸ் தர வேண்டும். சமரசப் பேச்சு நடக்கும்போது வேலையை நிறுத்தக் கூடாது. பாதிப் பேர் ஒரே நாளில் சேர்ந்து தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தம்தான். வாட்ஸ்அப் குழுவில் முடிவெடுத்து மறுநாள் உட்காரும் பிள்ளைகளுக்கு இதை வீட்டில் சொல்லி வைப்பது நல்லது.

மத்யனில் மூஸா (அலை) வேலைக்குச் சேர்ந்த வரலாறு திருக்குர்ஆனின் கஸஸ் அத்தியாயத்தில் இருக்கிறது. எட்டு ஆண்டு என்பது நிபந்தனை. பத்தாக நீட்டிப்பது வேலை செய்பவரின் விருப்பம். சிரமப்படுத்த மாட்டேன் என்று வேலை கொடுப்பவரே முதலில் வாக்குக் கொடுக்கிறார். வேலை தொடங்கும் முன்பே இரு பக்கமும் பேசி முடித்துவிட்டார்கள்.

நம் சமூகத்தில் முதலாளிகளும் இருக்கிறார்கள். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு தோல் தொழிற்சாலைகளில் பல நம்மவர்களுடையவை. அங்கே சுண்ணாம்பில் ஊறும் தோலை அப்படியே விட்டுப் போனால் சரக்கு பாழ். கழிவுநீர்ச் சுத்திகரிப்பையும் நிறுத்தி வைக்க முடியாது. வேலைநிறுத்தம் வந்தால் இந்த வேலைகளுக்கு மட்டும் எத்தனை பேர் வருவது என்று சங்கமும் நிர்வாகமும் முன்கூட்டியே எழுதிக்கொள்ளலாம். ஊறப்போட்டதைக் காப்பாற்றத்தான் அந்த ஆட்கள். அவர்களை வைத்தே புதுச் சரக்கை இறக்கி ஆலையை ஓட்டினால் அது வாக்கு மீறல். சரக்கைக் கெடுத்து முதலாளியைப் பணிய வைப்பதும், மார்க்கம் தடுத்த தீங்கிழைத்தலில்தான் சேரும்.

வேலைநிறுத்த நாட்களுக்குப் பொதுவாகச் சம்பளம் கிடையாது. ஒரு மாதம் தாண்டினால் வாடகையும் பைக் தவணையும் பள்ளிக் கட்டணமும் சேர்ந்து நெருக்கும், அந்த நெருக்கடியிலேயே பலர் தனித்தனியாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு உள்ளே போகிறார்கள். பைத்துல்மால் நடத்தும் ஜமாஅத்துகள் இப்படிப்பட்ட வீடுகளுக்கு, எந்தச் சங்கம், எந்த மதம் என்று பாராமல், கடனாகவாவது அரிசி, மளிகைக்கு வழி செய்யலாம்.