இதுவும் கோடிங்தான் மச்சி!

கோடிங்னா நமக்குத் தெரிஞ்சது சி, ஜாவா, பைத்தான். செமிகோலன் ஒண்ணு விட்டுப்போனா கம்பைலர் கத்தும். சரி பண்ணி மறுபடி ரன் பண்ணினால் வேலை முடிஞ்சது. ஆனால், தப்பு விழுந்தாலும் எந்தக் கம்பைலரும் கத்தாத கோடிங் ஒன்று இருக்கிறது. அங்கே தூக்கம் தொலைப்பது நோயாளியும் அவரைப் பெற்றவர்களும்தான்!

இதை எனக்குச் சொல்லிக்கொடுத்தது, என் ஹாஸ்டல் ரூம்மேட்டின் கழுத்தில் வந்த ஒரு கட்டி.

''எழுதிக்கோ மாப்ள. ஆனா, பேரைப் போட்டுடாதே. ஜூனியர்ஸ் எல்லாம் பாவமா பார்ப்பானுங்க. அது கீமோவை விடக் கொடுமை'' என்ற கண்டிஷனோடு பர்மிஷன் கொடுத்திருக்கிறான். ஆகவே, இந்தக் கட்டுரையில் அவன் பெயர் 'ரூம்மேட்'.

நாலாவது செமஸ்டர். ஷேவ் பண்ணும்போது கழுத்தில் கோலிகுண்டு சைஸில் ஏதோ தட்டுப்பட்டது. வலி இல்லை. ''சளி பிடிச்சிருக்கும், நெறி கட்டியிருக்கு... விடுடா'' என்று டாக்டர் ரேஞ்சுக்குத் தீர்ப்புச் சொன்னவன் அடியேன்தான். ஒரு மாசம் ஆகியும் கரையவில்லை. ராத்திரியில் பனியன் நனைகிற அளவுக்கு வியர்வை. பேன்ட் லூஸாகிக்கொண்டே போனது. நம்ம ஊரில் கழுத்தில் நெறி கட்டினால் டாக்டர்கள் முதலில் சந்தேகப்படுவது டி.பி.யைத்தான். இவனுக்கும் அப்படித்தான் ஆரம்பித்தார்கள். பயாப்ஸி ரிப்போர்ட் வந்தபோதுதான் தெரிந்தது, 'கிளாசிக்கல் ஹாட்ஜ்கின் லிம்ஃபோமா, நாடுலர் ஸ்க்லெரோஸிஸ்'. நிணநீர்க் கணுவிலேயே உருவாகும் புற்றுநோய். நம்ம வயசுப் பசங்களுக்கு அதிகம் வருகிற கேன்சர்களில் ஒன்று. நல்ல செய்தி என்னவென்றால், மருந்துக்கு நன்றாகவே கட்டுப்படக் கூடியது.

இதோடு டென்ஷன் முடிந்ததா? அங்கேதான் ட்விஸ்ட்! முதல் கீமோ பில்லை அவன் அப்பாவின் ஆபீஸ் இன்ஷூரன்ஸுக்கு அனுப்ப, அது பூமராங் மாதிரி திரும்பி வந்தது. 'புற்றுநோய் முதலில் ஆரம்பித்த உறுப்பு எது? விவரம் தேவை' என்று ஒரு கேள்வியோடு. க்ளெய்ம் ஃபாரத்தில் ஆஸ்பத்திரி நிரப்பிய கட்டத்தில் 'சி77.0' என்று இருந்தது. சொந்தக்காரர் ஒருவர் செல்போனில் தேடிப் பார்த்துவிட்டு, ''இது செகண்டரின்னு போட்டிருக்கே... வேற எங்கேயோ ஆரம்பிச்சு கழுத்துக்குப் பரவினதுன்னு அர்த்தம்'' என்று கொளுத்திப் போட்டுவிட்டார்.

அம்மா இரண்டு ராத்திரி தூங்கவில்லை. ''எங்கேயிருந்துப்பா பரவுச்சு? எதையாவது எங்ககிட்ட மறைக்கிறீங்களா?'' என்று அவர்கள் போனில் கேட்டபோது, எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

அப்போதுதான் ஞாபகம் வந்தது, என் அக்கா! பி.எஸ்ஸி., மைக்ரோபயாலஜி முடித்து, சென்னையில் நாலு வருஷமாக மெடிக்கல் கோடர். அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் கேஸ் ஷீட்டைப் படித்து, நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீடு போடுகிற வேலை. ''கூகுள் பார்த்து நம்பர் போடுற வேலைதானே?'' என்று தீபாவளிக்குத் தீபாவளி நான் ஓட்டுகிற அதே அக்கா. ரூம்மேட்டிடம் கேட்டுக்கொண்டு, பேப்பர்களோடு போய் நின்றேன்.

பார்த்த அடுத்த நிமிஷமே சொல்லிவிட்டாள்... ''யாரோ பயாப்ஸி ரிப்போர்ட் வர்றதுக்கு முன்னாடி எழுதின பக்கத்தைப் பார்த்துக் கோடு போட்டிருக்காங்க. அதுல 'கழுத்து நிணநீர்க் கணுவில் கேன்சர்'னு மட்டும்தான் இருக்கு. இது சி77 இல்லடா, சி81.1!''

வித்தியாசம் என்ன?

''ஐ.சி.டி.ன்னு ஒரு உலக அகராதி இருக்கு. 1893-ல ஜாக் பெர்டியோன்ங்கிறவர் சாவுக்கான காரணங்களை வரிசைப்படுத்தின பட்டியல்தான் அதுக்கு ஆரம்பம். இப்போ உலக சுகாதார நிறுவனம் பார்த்துக்குது. அதோட பத்தாவது பதிப்பை விரிச்சு எழுதி, அமெரிக்கா 2015 அக்டோபர் 1-லேருந்து யூஸ் பண்ணுது. எழுபதாயிரத்துக்கும் மேல கோடு!

மார்பகப் புற்றுநோய் அக்குள் நெறிக்குப் பரவுதுன்னு வெச்சுக்கோ. அது லிம்ஃபோமா இல்ல. மார்பகத்துக்கு சி50, பரவின அக்குளுக்கு சி77.3. சி77-ங்கிறது கேன்சர் விருந்தாளியா வந்த வீடு. லிம்ஃபோமாங்கிறது அந்த வீட்டுலயே பிறந்தது. அதுக்கு சி81-லேருந்து தனி வரிசை. சி77 தலைப்புக்குக் கீழேயே, 'நிணநீர்க் கணுவுலயே ஆரம்பிச்சதை இங்கே சேர்க்காதே'ன்னு குறிப்பு இருக்கு. அதைப் படிக்காம விட்டதுதான் தப்பு.''

அப்படியே உல்டாவாகவும் ஒரு பொறி உண்டாம். லிம்ஃபோமா நுரையீரலுக்குப் போனால், 'நுரையீரலுக்குப் பரவிய கேன்சர்' என்று சி78-க்குத் தாவக் கூடாது. அமெரிக்க விதிப்படி, அதே லிம்ஃபோமா கோடின் கடைசி இடத்தில் 'கணுவுக்கு வெளியே' என்று சொல்லும் 9-ஐப் போட வேண்டும். கழுத்து என்றால் 1, மார்புக்குள் 2, வயிற்றுக்குள் 3, அக்குள் 4, மண்ணீரல் 7, பல இடங்கள் 8. நம்ம ரெஜிஸ்டர் நம்பர் மாதிரிதான்... ஒவ்வொரு இலக்கத்துக்கும் ஒரு அர்த்தம்!

''எல்லாமே லிம்ஃபோமாதானே... எந்த நம்பரா இருந்தா என்ன?'' என்றேன். அக்கா முறைத்தாள்.

''பர்கிட் லிம்ஃபோமா, சி83.7. கண் மூடித் திறக்கிறதுக்குள்ள வளரும், உடனே சிகிச்சை ஆரம்பிக்கணும். ஃபாலிகுலர், சி82. பல பேருக்கு வருஷக்கணக்கா மெதுவா நகரும். சிலருக்கு மருந்தே கொடுக்காம கவனிச்சுக்கிட்டே இருப்பாங்க. ரிட்டுக்ஸிமாப்னு ஒரு மருந்து, அமெரிக்காவுல 1997-ல அனுமதி வாங்கினது. பி செல் மேல இருக்கிற சிடி20-ங்கிற புரதத்தைக் குறி வெச்சு அடிக்கும். அந்த மருந்துக்கு பில்லைப் போட்டுட்டு, கோடு மட்டும் கிளாசிக்கல் ஹாட்ஜ்கின்னு போனா இன்ஷூரன்ஸ்காரங்க கேட்க மாட்டாங்களா, 'இவருக்கு எதுக்கு இந்த மருந்து?'ன்னு? மருந்து சரி, நோயாளி சரி, நம்பர்தான் தப்பு. பணம் நின்னுடும்.''

இந்த வகை பிரிக்கிற வேலை இன்று நேற்று ஆரம்பித்ததில்லை. லண்டன் கைஸ் ஆஸ்பத்திரியில் இருந்த தாமஸ் ஹாட்ஜ்கின், 1832-ல் இந்த நோயை எழுதி வைத்தார். 1865-ல் சாமுவேல் வில்க்ஸ் அதற்கு ஹாட்ஜ்கின் பெயரையே சூட்டினார். இந்த நோயை மைக்ராஸ்கோப்பில் காட்டிக் கொடுக்கிற 'ரீட்-ஸ்டெர்ன்பெர்க்' செல்லின் பெயரில் பாதி, 1902-ல் அதை விவரித்த டாரதி ரீட் என்ற பெண் டாக்டருடையது. இத்தனை பேர் கண்ணைச் சுருக்கிப் பிரித்து வைத்ததை, ஒரு அவசர டைப்பிங் ஒரே நொடியில் கலந்துவிடும்.

பணம் மட்டுமல்ல, கணக்கும் குழம்பும். எந்த ஊரில் எந்தக் கேன்சர் எத்தனை பேருக்கு என்று எண்ணும் தேசியப் புற்றுநோய்ப் பதிவுத் திட்டத்தை ஐ.சி.எம்.ஆர். 1981-ல் ஆரம்பித்தது. சென்னைக் கணக்கைப் பார்ப்பது அடையாறு கேன்சர் இன்ஸ்டிடியூட். லிம்ஃபோமாவைப் 'பரவிய கேன்சர்' என்று எழுதினால், கணக்கில் ஒரு லிம்ஃபோமா காணாமல் போகும். அதை நம்பித் திட்டம் போடுபவர்கள் பாவம்!

''அப்போ சந்தேகமா இருந்தா என்னக்கா பண்ணுவே?''

''ஊகம் பண்ண மாட்டேன். அதுதான் எங்க வேலையில முதல் பாடம். அமெரிக்காவுல ஓ.பி. நோயாளிக்கு டாக்டர் 'லிம்ஃபோமாவா இருக்கலாம்'னு எழுதினா, லிம்ஃபோமா கோடு போடக் கூடாது. 'நெறி வீக்கம்', ஆர்59, அவ்வளவுதான். 'இருக்கலாம்'ங்கிறதை நான் 'இருக்கு'ன்னு மாத்திட்டா, அந்த ஆள் ரெக்கார்டுல கேன்சர் ஏறிடும். அப்புறம் இறக்குறது சாமானியம் இல்ல. புரியலைன்னா டாக்டருக்குக் கேள்வி அனுப்புவோம். ஒரு நாளைக்கு இத்தனை சார்ட்டுன்னு டார்கெட் இருக்கும்தான். அதுக்காகக் கடைசிப் பக்கத்து பயாப்ஸி ரிப்போர்ட்டைப் படிக்காம மூட முடியுமா? நான் கோடு போடுற ஆளுங்க யாரையும் நான் பார்த்ததே இல்ல. ஆனா, ஒவ்வொரு ஃபைலுக்கும் ஒரு அம்மா இருப்பாங்கல்ல?''

அதன் பிறகு நான் 'நம்பர் போடுற வேலை' என்று சொல்வதை விட்டுவிட்டேன்.

கதைக்கு வருவோம். அக்கா சொன்னபடி ரூம்மேட்டின் அப்பா, பயாப்ஸி ரிப்போர்ட்டோடு ஆஸ்பத்திரிக்குப் போய்க் கேட்டார். கேன்சர் டாக்டரே கையெழுத்துப் போட்டு, திருத்திய கடிதம் கொடுத்தார். சில வாரங்களில் பணம் வந்தது. ஆனால், அதற்கு முன்பே வந்துவிட்ட ஒன்று உண்டு. ''பரவலைம்மா. அது ஆஸ்பத்திரியில எழுதினதுல வந்த தப்பு'' என்று டாக்டர் சொன்ன அன்று ராத்திரி, அம்மாவுக்குத் தூக்கம்.

ஆறு மாசக் கீமோ முடித்து, முடி கர்லியாக முளைத்து, ஒரு செமஸ்டர் லேட்டாக ஜூனியர்களோடு உட்கார்ந்திருக்கிறான் பையன். நோய் அடங்கிவிட்டது. அதாவது, ரெமிஷன். லுகீமியாவுக்கு ரெமிஷன் கோடு வைத்திருந்த அமெரிக்கப் பட்டியலில் லிம்ஃபோமாவுக்கு ரொம்ப நாள் அது இல்லை. நோய் அடங்கியவருக்கும் அதே கேன்சர் கோடுதான். 2024 அக்டோபர் 1-லிருந்து அங்கே கடைசியில் ஓர் 'ஏ' சேர்த்து, ரெமிஷனைத் தனியாகக் காட்டுகிறார்கள். ''அதையும் டாக்டர் எழுதினாத்தான் நான் போட முடியும். 'முன்பு இருந்தது'ங்கிற இசட்85.71-ஐயும் நானா போட முடியாது'' என்றாள் அக்கா.

ரூம்மேட்டிடம் இதைச் சொன்னேன். ''நீ அமெரிக்காவுல இருந்தா உன் கோடு சி81.1ஏ-டா!''

கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு அவன் சொன்னான்... ''நாலு அரியர் வெச்சிருக்கேன் மாப்ள. வாழ்க்கையில நான் வாங்கின ஒரே 'ஏ' இதுதான். பத்திரமா வெச்சுக்கணும்!''

மெடிக்கல் கோடர் ஆகணுமா?

எந்த டிகிரியும் ஓகே. லைஃப் சயின்ஸ், பார்மஸி, நர்சிங் படித்தவர்களுக்கு முன்னுரிமை. உடற்கூறியலும் மருத்துவச் சொற்களும் அத்துப்படியாக இருக்க வேண்டும். பலரும் எழுதுவது ஏ.ஏ.பி.சி. அமைப்பின் சி.பி.சி. தேர்வு: 100 கேள்விகள், 4 மணி நேரம், கோடிங் புத்தகங்களைப் பார்த்து எழுதலாம். 'பார்த்து எழுதுறதுதானே' என்று நினைத்தால் காலி... எந்தப் பக்கத்தைப் புரட்டணும் என்பதுதான் பரீட்சையே! 'வேலைக்கு கேரன்டி' என்று ஃபீஸ் கேட்கும் இடங்களில், பணம் கட்டும் முன் அங்கே படித்த நாலு பேரிடம் விசாரித்துவிடுங்கள் பாஸ்!