சோதியும் முத்தும்: ஒரு செம்மஞ்சட் பெருவிண்மீன் பற்றிய விளக்கம்

ஐப்பசி மாதத்துச் சுவாதி நாள்களிற் பெய்யும் மழையின் துளி, வாய் திறந்திருக்கும் சிப்பியினுள் வீழ்ந்து முத்தாகின்றது என்னும் கருத்து நமது இலக்கிய மரபில் நெடுங்காலமாக ஆட்சி பெற்றுள்ளது. பர்த்ருஹரியின் நீதி சதகத்தில் இது, சேரும் இடத்தைப் பொறுத்து ஒருவரின் தரம் அமையும் என்பதற்கு உவமையாக வருகின்றது. தமிழிற் சோதி என்றும் வழங்கும் அவ்விண்மீன் யாது, அதன் இயல்புகள் எவை என்ற வினாவை, இவ்வுவமையைப் போற்றுவோரும் எழுப்புவதில்லை; மூடநம்பிக்கை என ஒரு வரியில் ஒதுக்கும் நமது முற்போக்குத் திறனாய்வாளரும் எழுப்புவதில்லை. (இக்கட்டுரையாளன் இரண்டாவது கூட்டத்தில் நெடுநாள் இருந்தவன்.)

மேலைநாட்டார் ஆர்க்டூரஸ் என வழங்கும் விண்மீனே சோதி. இரவு வானில் ஒளிமிக்க விண்மீன்களுள் இது நான்காவது. பங்குனியின் தொடக்கத்தில் மன்னார்க் கரையில் நிற்பவர், இரவு ஒன்பது மணிக்கு முன்பாக இது கிழக்கே எழுவதையும், மூன்று மணிக்குச் சற்று முன் உச்சிக்குப் பத்துப் பாகை வடக்காகக் கடப்பதையும் காணலாம். முத்துச் சிலாபம் நடைபெற்ற பருவமும் இதுவே. அரிப்பு, சிலாவத்துறை, மறிச்சுக்கட்டி ஆகிய கரைகளிலிருந்து தோணிகள் நள்ளிரவையொட்டித் தரைக்காற்றில் மேற்கே புறப்பட்டபோது, சோதி அவற்றின் பின்புறமாகக் கீழ்வானில் ஏறிக்கொண்டிருந்தது.

ஆனால், கதை கூறும் ஐப்பசி மழைக்காலத்தில் அது இரவு வானில் இல்லை. ஒக்டோபர் இறுதியில் அது ஞாயிற்றோடு ஏறத்தாழ ஒரே வேளையில் நடுவானைக் கடப்பதால் பகலொளியில் மறைந்துவிடுகின்றது. எனவே ‘சுவாதி மழை’ என்பது விண்மீன் பொழியும் மழையன்று. ஞாயிறு நிற்கும் இடத்தைக் கொண்டு வடகீழ்ப் பருவமழையின் வருகையைக் குறித்துவைத்த ஒரு நாட்குறிப்பு. மழையை எதிர்பார்த்து உழுதவனின் கணிப்பு அது. அதனை முத்தோடு பிணைத்தமையே பிழை.

இனி, விண்மீனின் இயல்புகளுக்கு வருவோம். வெறுங்கண்ணுக்கே புலப்படும் அதன் செம்மஞ்சள் நிறம் மேற்பரப்பு வெப்பநிலையின் விளைவு. ஞாயிற்றின் மேற்பரப்பு ஏறத்தாழ 5,800 கெல்வின். சோதியினது ஏறத்தாழ 4,300. காய்ச்சிய இரும்பு வெண்மையிலிருந்து மஞ்சளாகிச் சிவந்து ஆறுவதைக் கொல்லன் பட்டறையிற் கண்டவர்க்கு இதனை மேலும் விளக்க வேண்டியதில்லை. விண்மீன் ஒளியைப் பிரித்துப் பெறும் திருசியத்திற் காணப்படும் கருங்கோடுகளை வெப்பநிலையோடு தொடர்புபடுத்தும் சமன்பாட்டை 1920இல் தந்தவர் மேகநாத சாகா. கிழக்கு வங்காளத்துச் சிற்றூர்க் கடைக்காரர் ஒருவரின் மகன். சாதியின் பெயரால் விடுதியில் இழிவுக்குள்ளானவர். 1952இற் சுயேச்சையாக இந்திய நாடாளுமன்றத்துக்குத் தெரிவானவர். நமது பாடநூல்கள் சமன்பாட்டைச் சொல்லி மனிதரை விட்டுவிடுகின்றன.

ஒரு சதுர மீற்றரிலிருந்து சோதி வெளியிடும் ஆற்றல் ஞாயிற்றினதில் மூன்றிலொரு பங்கேயாகும். இருந்தும் அதன் மொத்த ஒளிர்வு ஞாயிற்றைப் போல் ஏறத்தாழ இருநூறு மடங்கு. காரணம் அதன் பருமன்: ஆரை ஞாயிற்றினதைப் போல் 25 மடங்கு, பரப்பு அறுநூறு மடங்குக்கு மேல். திணிவோ ஞாயிற்றினதைவிடச் சற்றே கூடியது. இவ்வளவு பொருள் அவ்வளவு வெளியிற் பரந்திருப்பதனால், அதன் சராசரி அடர்த்தி நாம் சுவாசிக்கும் காற்றின் அடர்த்தியிற் பத்திலொரு பங்கையும் எட்டவில்லை. மையமோ இதற்கு முற்றிலும் மாறாக மிகச் செறிந்தது.

இம்முரண்பாட்டிற்றான் பெருவிண்மீனின் வரலாறு அடங்கியுள்ளது. மையத்தில் ஐதரசன் ஈலியமாக மாறும்வரை விண்மீன் நிலைத்து நிற்கும். அங்கு ஐதரசன் தீர்ந்ததும் ஈலிய மையம் தன் ஈர்ப்பினாற் சுருங்கி வெப்பமேறுகிறது. அதனைச் சூழ்ந்த ஓட்டில் ஐதரசன் முன்னிலும் விரைவாக எரிகின்றது. அவ்வாற்றலைத் தாங்காத புறப்பகுதி விரிந்து குளிர்ந்து செம்மஞ்சளாகின்றது. அளவுமாற்றம் பண்புமாற்றமாவதற்கு இதனினும் சிறந்த எடுத்துக்காட்டு உண்டோ என நண்பர்கள் கேட்கக்கூடும். எங்கெல்சை மேற்கோள் காட்டி விண்மீனை விளக்கவியலாது; சமன்பாடுகளே அதனை விளக்கும். சோதியின் வயது ஏறத்தாழ எழுநூறு கோடி ஆண்டுகள். ஞாயிற்றினது நானூற்றறுபது கோடி. ஆதலின் நமது ஞாயிறும் இவ்வழியே செல்லவுள்ளது. ஈற்றில் எஞ்சுவது வெண்குறளி. 1930இல் இங்கிலாந்துக்குக் கப்பலேறிய சந்திரசேகர் அத்தகைய எச்சங்களின் திணிவுக்கு ஓர் எல்லையுண்டு எனக் கண்டார்; சோதி அவ்வெல்லைக்குள் அடங்குவது.

சோதியின் தொலைவு ஏறத்தாழ 36.7 ஒளியாண்டுகள். 1933இற் சிக்காகோ உலகக் கண்காட்சியின் விளக்குகளை இவ்விண்மீனின் ஒளியைக் கொண்டு ஏற்றினர். 1893இல் அந்நகரின் முந்திய கண்காட்சி நடந்தபோது புறப்பட்ட ஒளி அது என அன்று கருதப்பட்டது. நமக்கு வேறோர் ஆண்டு நினைவுக்கு வருகின்றது. 1990 ஒக்டோபரில் வடமாகாண முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். மன்னாரிலும் முசலியிலும் இருந்தோர் வீடுவாசல்களை விட்டுப் போன அந்நாள்களிற் சோதியிலிருந்து கிளம்பிய ஒளி, மன்னாருக்கு வந்துசேருவது ஏறத்தாழ 2027இன் நடுப்பகுதியில்.

முத்துக்குத் திரும்புவோம். சிப்பி கடல்மட்டத்தில் வாய் திறந்து காத்திருப்பதில்லை. பல பாகம் ஆழத்திலுள்ள பார்களிற் பற்றிக் கிடப்பது. உடலினுட் புகுந்த வேற்றுப்பொருளையோ ஒட்டுண்ணியையோ சூழ்ந்து அது படலம் படலமாகச் சுரக்கும் கல்சியங் காபனேற்றே முத்து. அக்காபனிற் பெரும் பங்கு, ஞாயிறு தோன்றுமுன் வாழ்ந்தழிந்த பெருவிண்மீன்களில் உருவானது. கல்சியம் வெடித்துச் சிதறிய விண்மீன்களிலிருந்து வந்தது. இப்பொருளிற் கதை கூறுவது முழுப்பொய்யன்று எனலாம். அதிற் காணாமற் போனவன் கல்லைக் காலிற் பிணைத்து மூச்சடக்கி இறங்கிய மனிதன். 1905ஆம் ஆண்டுச் சிலாபத்தில் எட்டுக் கோடிக்கு மேற்பட்ட சிப்பிகள் எடுக்கப்பட்டன. அரசு பெற்றது ஏறத்தாழ 25 இலட்சம் ரூபா. எடுத்தவற்றில் மூன்றிலிரண்டு அரசுக்கு, மூன்றிலொன்றே எடுத்தவர்களுக்கு. அடுத்த ஆண்டில் பார்கள் இலண்டன் முதலாளிகளின் கொம்பனியொன்றுக்கு இருபதாண்டுக் குத்தகையாகக் கொடுக்கப்பட்டன. 1907இன் பின்னர் பார்கள் வெறுமையாகி, சில ஆண்டுகளிற் கொம்பனியும் கலைந்தது. சுவாதியில் மழை அவ்வாண்டுகளிலும் பெய்யாமலில்லை.

விண்மீன்கள் நிலையானவை என்பதும் இவ்வாறே நெடுங்காலம் நம்பப்பட்டது. 1718இல் எட்மண்ட் ஹாலி பண்டைய கிரேக்க அளவீடுகளோடு ஒப்பிட்டு, சோதி உள்ளிட்ட சில விண்மீன்கள் இடம் பெயர்ந்துள்ளமையைக் காட்டினார். சோதி ஆண்டுக்கு 2.28 விகலை நகர்கின்றது. கொற்கை முத்தைச் சங்கப் புலவர் பாடிய காலத்திலிருந்து அது நகர்ந்துள்ள தூரம், முழுநிலவின் அகலத்தைப் போல் இரண்டு மடங்குக்கு மேலாகும்.