எத்தனை பேருக்கு உலை வைப்பது? – முன்கணிப்பு எப்படி இயங்குகிறது

சோறு வேக நேரம் பிடிக்கும். பசித்து வந்து இலை முன் உட்கார்ந்தவருக்கு அந்த நேரம் கிடையாது. ஆள் வந்த பிறகு அரிசி களைந்தால் பந்தி நடக்காது. ஆள் வரும் முன்பே களைந்தால், எத்தனை படி என்று யாருக்கும் தெரியாது.

மூளைக்கும் இதே சிக்கல்தான். கண்ணில் விழுந்த ஒளி நரம்பு வழியாகப் போய்க் காட்சியாக உருப்பெற ஏறக்குறைய பத்தில் ஒரு நொடி ஆகிறது. அதற்குள் உலகம் நகர்ந்துவிடுகிறது. வந்து சேர்ந்த செய்தியை மட்டும் நம்பினால், சற்று முன் இருந்த உலகத்தில்தான் நாம் எப்போதும் நடந்துகொண்டிருப்போம். வருகிற பேருந்துக்கு ஒதுங்க முடியாது, எறிந்த பந்தைப் பிடிக்க முடியாது. அதனால் மூளை ஆள் வரும் முன்பே உலை வைத்துவிடுகிறது.

இதை விளக்கத் திருத்தணி நல்ல இடம். முருகனின் ஐந்தாம் படைவீடான அந்த மலைக்கோயிலில் 2021 செப்டம்பரில் நாள் முழுவதும் அன்னதானம் தொடங்கப்பட்டது. சாதாரண நாளுக்கு ஒரு கூட்டம், மாதக் கிருத்திகைக்கு வேறொரு கூட்டம். ஆடிக் கிருத்திகைக்குப் பூக்காவடிகளோடு மலையே நிறைந்துவிடும். டிசம்பர் 31 அன்று நடக்கும் திருப்படித் திருவிழாவில் 365 படிகளிலும் கற்பூரம் ஏற்றித் திருப்புகழ் பாடிக்கொண்டே ஏறுவார்கள். எல்லை பக்கம் என்பதால் ஆந்திரத்திலிருந்து வருகிறவர்களும் ஏராளம். இத்தனை விதக் கூட்டம் வரும் ஊரில் ஓர் அன்னதானச் சமையல்கூடத்தை மனத்தில் கட்டிக்கொள்வோம்.

அதில் தலைமைச் சமையல்காரர் சுவருக்கு அந்தப் பக்கம், அடுப்பு முன்னால் நிற்கிறார். பந்தி அவர் கண்ணுக்குத் தெரியாது. மண்டை ஓட்டின் இருட்டுக்குள் இருக்கும் மூளையின் நிலையும் அதுதான். அவரிடம் இருப்பது பழைய அனுபவமும், இன்று என்ன நட்சத்திரம், வானம் மூட்டமா வெயிலா, காலைப் பந்தி எப்படிப் போனது என்ற சில தகவல்களும் மட்டுமே. அவற்றை வைத்து ஒரு கணக்குப் போட்டு சாதம், சாம்பார், ரசம், பொரியல் என்று அனுப்புகிறார். வாளியைத் தூக்கிக்கொண்டு போனவர் திரும்பி வந்து என்ன சொல்கிறார் என்பதைத்தான் கவனிக்க வேண்டும். முதல் இலையில் ஒருவர் சாதம் வாங்கினார், இரண்டாம் இலையிலும் வாங்கினார் என்று அவர் ஒப்பிப்பதில்லை. எல்லாம் நினைத்தபடி நடந்தால் அவர் வாயே திறக்க மாட்டார். கணக்கு பிசகிய இடத்தில் மட்டும் குரல் வரும்: “மாஸ்டர், ரசம் கேக்கறாங்க. சாம்பார் அப்படியே நிக்குது.”

முன்கணிப்பின் இயக்கம் முழுவதும் இந்த ஒரு குரலில் இருக்கிறது. உள்ளிருந்து வெளியே போவது ஊகம். வெளியிலிருந்து உள்ளே வருவது ஊகத்துக்கும் நடப்புக்கும் உள்ள வித்தியாசம்.

பார்ப்பது என்பதே நம்மை அறியாமல் நாம் செய்யும் ஓர் ஊகம் என்று ஜெர்மானிய அறிஞர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் 19ஆம் நூற்றாண்டிலேயே சொன்னார். அதற்குக் கணித வடிவம் தந்த முக்கியமான ஆய்வு 1999இல் வந்தது. இந்தியாவில் பிறந்த ராஜேஷ் ராவும் டேனா பல்லார்டும் மூளையின் பார்வைப் பகுதிக்கு ஒரு மாதிரியை முன்வைத்தார்கள். பார்வைப் பகுதி பல அடுக்குகளால் ஆனது. கீழ் அடுக்கிலிருந்து மேலே நரம்பிழைகள் போவதைப் போலவே மேலிருந்து கீழேயும் ஏராளமாக இறங்குகின்றன. கண் சொல்வதைக் கேட்பது மட்டும்தான் வேலை என்றால் கீழ்நோக்கி இத்தனை இழைகள் எதற்கு? மேல் அடுக்கு தன் ஊகத்தைக் கீழே அனுப்புகிறது, கீழ் அடுக்கு பொருந்தாத மிச்சத்தை மட்டும் மேலே அனுப்புகிறது என்பது அவர்கள் தந்த விடை. மூளை முழுக்க இப்படித்தான் இயங்குகிறதா என்ற விவாதம் இன்னும் முடியவில்லை. ஆனால் இந்தப் பார்வை வந்த பிறகு நரம்பியலில் கேட்கப்படும் கேள்விகளே மாறிவிட்டன.

அடுக்கு என்பதைச் சமையல்கூடத்தில் எளிதாகப் பார்க்கலாம். பரிமாறுகிறவர் ஊகிப்பது அடுத்த இலையை: குழந்தை உட்கார்ந்திருக்கிறது, பாதிக் கரண்டி போதும். பந்தி மேற்பார்வையாளர் ஊகிப்பது அடுத்த பந்தியை. தலைமைச் சமையல்காரர் மாலை வரை பார்க்கிறார். உக்கிராண அறைக்காரர் அடுத்த கிருத்திகைக்கு எத்தனை மூட்டை அரிசி என்று பார்க்கிறார். மேலே போகப் போகக் காலம் நீள்கிறது, விவரம் குறைகிறது. ஒரு குழந்தை பொரியல் வேண்டாம் என்றதை உக்கிராண அறைவரை யாரும் கொண்டுபோவதில்லை. அது இலை மட்டத்திலேயே தீர்ந்துவிடும். கீழே தீராத பிசகு மட்டுமே படியேறும்.

வருகிற குரல்கள் எல்லாவற்றுக்கும் ஒரே மதிப்பும் கிடையாது. நேற்று வேலைக்குச் சேர்ந்த பையன் பதறிக்கொண்டு ஓடிவந்து “சாதம் தீந்துடுச்சு” என்றால் மாஸ்டர் எட்டிப் பார்த்துவிட்டுத்தான் முடிவெடுப்பார். இருபது வருடம் பரிமாறியவர் மெல்லச் சொன்னால் உடனே அடுத்த உலை ஏறும். மூளையும் தனக்கு வரும் செய்தியின் நம்பகத்தை எடைபோடுகிறது. நல்ல வெளிச்சத்தில் கண் சொல்வதற்கு எடை அதிகம். அந்தி மங்கலில் அந்த எடை குறைந்து உள்ளிருக்கும் ஊகம் மேலோங்குகிறது, கயிறு பாம்பாகத் தெரிகிறது. பயத்தில் இருப்பவருக்கு நிழல் ஆளாகத் தெரிவதும் இதனால்தான்.

ஊகம் சோற்றோடு நிற்பதில்லை, காலிலும் இருக்கிறது. திருத்தணி மலைப் படிகளில் இறங்குகிறவர் ஒவ்வொரு படியையும் பார்த்துக் காலை வைப்பதில்லை. சில படிகளிலேயே உயரம் உடம்புக்குப் பழகிவிடுகிறது. பிறகு பேசிக்கொண்டே, கோபுரத்தைத் திரும்பிப் பார்த்துக்கொண்டே இறங்கலாம். இன்னும் ஒரு படி இருக்கிறது என்று நினைத்து சமதரையில் காலை வைத்தால் முழங்கால்வரை ஓர் அதிர்ச்சி ஏறும். தரை கடினமாக இருந்ததால் வந்த அதிர்ச்சி இல்லை அது. தரையைத் தொட வேண்டிய நொடியைச் சிறுமூளை முன்கூட்டியே குறித்து வைத்திருந்தது, தரை அதற்கு முன்பே வந்துவிட்டது. நம்மை நாமே கிச்சுக்கிச்சு மூட்டிக்கொள்ள முடியாததற்கும் இதே காரணத்தைச் சாரா ஜெய்ன் பிளேக்மோர் குழு 1998இல் மூளைப் படங்களோடு காட்டியது. சொந்த விரல் எங்கே படப்போகிறது என்பது மூளைக்கு முன்பே தெரியும். தெரிந்ததற்குச் சிரிப்பு வருவதில்லை.

சரி, பிசகு தெரிந்த பிறகு என்ன நடக்கிறது? படிப்பு அங்கேதான் தொடங்குகிறது. மிகத் தெளிவான சான்று குரங்குகளிடமிருந்து வந்தது. வோல்ஃப்ராம் ஷுல்ட்ஸ் குரங்குகளின் மூளையில் டோபமைன் சுரக்கும் நரம்புகளைக் கவனித்தார். எதிர்பாராமல் ஒரு சொட்டுப் பழச்சாறு கிடைத்தால் அவை துடித்தன. சாற்றுக்கு முன் ஒரு விளக்கு எரியும் என்று குரங்கு பழகிய பிறகு துடிப்பு விளக்குக்கு இடம் மாறியது. சாறு வந்தபோது ஒன்றும் நிகழவில்லை. விளக்கு எரிந்தும் சாறு வராவிட்டால், சாறு வர வேண்டிய அதே நேரத்தில் துடிப்பு இருந்ததைவிடக் கீழே இறங்கியது. நம் பந்தியில் பாயச வாளி வாசலில் தெரியும்போது எழுகிற மகிழ்ச்சியை நினைத்துப் பாருங்கள். இலையில் விழும்போது அது புதிய செய்தி இல்லை. வாளி நம் இலையைத் தாண்டிப் போய்விட்டால் அந்த நொடியில் மனம் சுருங்கும். ஷுல்ட்ஸும் பீட்டர் தயானும் ரீட் மான்டேகுவும் 1997இல் எழுதிய கட்டுரையில் இந்தத் துடிப்பை ‘எதிர்பார்ப்புக்கும் கிடைத்ததற்கும் உள்ள வித்தியாசம்’ என்று விளக்கினார்கள். வியப்பு என்னவென்றால், அதே கணக்கை இயந்திரங்களுக்குக் கற்பிக்க ரிச்சர்ட் சட்டனும் ஆண்ட்ரூ பார்ட்டோவும் 1980களிலேயே உருவாக்கி வைத்திருந்தார்கள். அவர்களுக்கு 2024ஆம் ஆண்டுக்கான டூரிங் விருது கிடைத்தது. கணினிக்காக எழுதிய சமன்பாடு குரங்கின் மூளைக்குள்ளும் பொருந்தியது என்பதை அறிவியலின் மிக அழகான தருணங்களில் ஒன்றாகவே நான் கருதுகிறேன்.

இனி இயந்திரத்துக்கு வருவோம். திருத்தணி பேருந்து நிலையத்தில் டீக்கடை முன் ஒருவர் “ரெண்டு...” என்று தொடங்குகிறார். 1960 ஏப்ரல் 1 வரை ஆந்திரத்தில் இருந்த ஊர் இது. இங்கே தமிழும் தெலுங்கும் அருகருகே புழங்கும். “ரெண்டு டீ” வரை இரண்டு மொழிக்கும் பொது. அடுத்து “குடுங்க” வருமா, “இவ்வண்டி” வருமா? கடைக்காரர் முகம், உடை, வந்து நின்ற பேருந்து எல்லாவற்றையும் பார்த்து ஒரு பக்கம் சாய்ந்திருப்பார். அந்த மூன்றாம் சொல் வந்ததும் ஐயம் தீர்ந்து, அடுத்த பேச்சை எந்த மொழியில் தொடங்குவது என்று அவருக்குத் தெரிந்துவிடும்.

அடுத்து என்ன வரும் என்பதைக் கணக்காக்கியவர் ரஷ்யக் கணிதர் மார்க்கோவ். 1913இல் புஷ்கினின் செய்யுள் நாவலிலிருந்து 20,000 எழுத்துகளை எடுத்து, உயிருக்குப் பின் மெய் எத்தனை முறை வருகிறது என்று கையாலேயே எண்ணினார். கிளாட் ஷானன் 1951இல் மனிதர்களையே அடுத்த ஆங்கில எழுத்தை ஊகிக்கச் சொல்லி, மொழியில் எவ்வளவு ‘எதிர்பாராமை’ இருக்கிறது என்று அளந்தார். இன்றைய பெரிய மொழி மாதிரிகள் அந்த வழியில் வந்தவை. வாக்கியத்தின் தொடக்கத்தைக் கொடுத்து அடுத்த சொல்துண்டை ஊகிக்கச் சொல்கிறார்கள். உண்மையில் வந்த துண்டோடு ஒப்பிட்டு எவ்வளவு பிசகு என்று கணக்கிடுகிறார்கள்.

அந்தப் பிசகை என்ன செய்கிறார்கள் என்பதைச் சமையல்கூடம் சொல்லும். சாம்பார் மீந்துவிட்டது. குற்றம் யார் மேல்? புளி கரைத்தவர் மேல் கொஞ்சம், உப்புப் போட்டவர் மேல் கொஞ்சம், காய் வெட்டியவர் மேல் துளி, அளவு சொன்னவர் மேல் அதிகம். கடைசிப் பிசகிலிருந்து பின்னோக்கி நடந்து ஒவ்வொருவருக்கும் உரிய பங்கைக் கணக்கிட்டு, அவரவர் கையளவை அந்தப் பங்குக்கு ஏற்ப மிகச் சிறிதாக மாற்ற வேண்டும். நரம்பு வலைகளில் இந்தப் பின்னோக்கிய பங்கீட்டை 1986இல் ரூமெல்ஹார்ட், ஹின்டன், வில்லியம்ஸ் ஆகியோரின் கட்டுரை பரவலாக்கியது. இன்று பல நூறு கோடி எண்கள் இப்படித்தான் இம்மி இம்மியாகத் திருத்தப்படுகின்றன. இம்மி இம்மியாக என்பது முக்கியம். ஆடிக் கிருத்திகைக் கூட்டத்தைப் பார்த்து மறுநாளும் அதே அளவு உலை வைக்கிறவர் அண்டா அண்டாவாகச் சோற்றைக் கொட்ட நேரிடும்.

மூளையும் இயந்திரமும் செய்வது ஒன்றுதானா என்று கேட்பீர்கள். எனக்கு இரண்டு வேறுபாடுகள் பெரியவையாகத் தெரிகின்றன. முதலாவது, பயிற்சி முடிந்த பெரும்பாலான மொழி மாதிரிகள் அளவுக் குறிப்பேட்டை மூடிவிட்ட சமையல்காரர்கள். உரையாடலுக்குள் நீங்கள் சொன்னதைக் கணக்கில் கொள்வார்கள், ஆனால் பந்தியிலிருந்து வரும் குரலால் குறிப்பேடு தானாகத் திருந்துவதில்லை. உயிருள்ள மூளையோ இன்று காலை தடுக்கிய படியை இரவுக்குள் கற்றுவிடுகிறது. இரண்டாவது, அடுத்த சொல்லாக வரத் தகுந்த ஒன்றைச் சொல்லிவிட்டால் இயந்திரத்தின் கணக்கில் அது தேறிவிடும். அது உலகத்தில் உண்மையா என்று சொல்ல அந்தப் பயிற்சியில் ஆள் இல்லை. மனிதர்கள் மதிப்பிட்டுத் திருத்தும் கூடுதல் பயிற்சி வந்தது இதற்காகத்தான். அப்படியும் நடக்காததை நடந்ததுபோல் சரளமாக அவை சொல்வதை இன்றும் பார்க்கிறோம். ஓர் ஊகிப்பு எவ்வளவு நம்பத்தக்கது என்று அறிய, அதன் பிசகை அதற்கு யார் எடுத்துச் சொல்கிறார்கள் என்று பார்க்க வேண்டும் என்பது என் துணிபு.

இதற்குத் தமிழர்களுக்கு நெருக்கமான ஒரு சான்று உண்டு. மேலே சொன்ன அதே ராஜேஷ் ராவ், ஐராவதம் மகாதேவன், நிஷா யாதவ், மயங்க் வாஹியா, சென்னைக் கணித அறிவியல் நிறுவனத்தின் ரணஜாய் அதிகாரி முதலியோர் 2009இல் சிந்துவெளிக் குறிகளை மார்க்கோவின் வழியில் ஆராய்ந்தார்கள். மகாதேவன் 1977இல் வெளியிட்ட குறித்தொகுப்பே அவர்களுக்குத் தரவு. ஒரு குறி வந்தபின் அடுத்த குறி எவ்வளவு தூரம் ஊகிக்கத் தக்கது என்று அளந்து, பழந்தமிழ், சுமேரியம், ஆங்கிலம் முதலியவற்றோடும், மரபணு வரிசை, கணினி நிரல் போன்ற மொழி அல்லாதவற்றோடும் ஒப்பிட்டார்கள். சிந்துக் குறிகள் மொழிகளின் பக்கம் அமைந்தன. இது மொழி என்பதற்குப் போதிய சான்றாகாது என்று ரிச்சர்ட் ஸ்ப்ரோட் போன்றோர் மறுத்தார்கள். ஆனாலும் அந்த மாதிரியால் உடைந்த முத்திரைகளில் அழிந்துபோன குறி எதுவாக இருக்கலாம் என்று ஊகிக்க முடிந்தது. முழுமையாக உள்ள முத்திரையில் ஒரு குறியை மறைத்துவைத்து அந்த ஊகத்தைச் சோதிக்கவும் முடியும்.

பொருளைச் சோதிக்க அப்படி ஒரு வழி இல்லை. சிந்து எழுத்தும் நாம் அறிந்த வேறொரு எழுத்தும் ஒரே செய்தியைச் சொல்லும் கல்வெட்டு இதுவரை கிடைக்கவில்லை. தவறாகப் படித்தால் தவறு என்று சொல்ல, அந்தப் பந்தியில் உட்கார்ந்தவர்கள் யாரும் இன்று இல்லை. 2025 ஜனவரியில் தமிழ்நாடு அரசு 10 லட்சம் டாலர் பரிசு அறிவித்தது அந்த எழுத்தைப் படித்துப் பொருள் சொல்பவருக்கு. அடுத்த குறியை ஊகிக்கும் வேலை அதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு முன்பே நடந்துவிட்டது.